பெரியப்பா சௌக்கியமா?

எங்கள் ஆபீஸ் ஹெட்கிளார்க் பேப்பர் வந்ததும் முதலில் படிப்பது 'காலமானார்' பத்தியைத்தான். பூர்வீக வீட்டுக்குப் பாகப்பிரிவினை கேஸ், அப்பீலில் இருக்கிறது. எதிர்த்தரப்பு, எண்பதைத் தாண்டிய பெரியப்பா.

மனுஷர் பயப்படுவதில் நியாயம் இருக்கிறது சார். பெரியப்பா போய்விட்டால், அன்றிலிருந்து 90 நாளுக்குள் அவருடைய வாரிசுகளைக் கட்சியாகச் சேர்க்க மனுப் போடவேண்டும். விட்டால் அவரைப் பொறுத்தவரை அப்பீல் 'அபேட்', அதாவது அதுவும் காலி! பங்குதாரர் அத்தனை பேரும் இருந்தே ஆகவேண்டிய கேஸ் என்பதால், பல சமயம் மொத்த அப்பீலுமே படுத்துவிடும். எழுப்ப இன்னொரு 60 நாள். அதுவும் போனால், தாமதத்துக்குக் காரணம் சொல்லித் தனி மனு. 'செத்தது எங்களுக்குத் தெரியாதுங்க' என்பார்கள். எழவு வீட்டில் முன்வரிசையில் காபி குடித்தவரே சொல்வார்!

கட்சிக்காரர் இறந்தால் கோர்ட்டுக்குச் சொல்வது அவர் வக்கீலின் கடமை என்று 1976-ல் சட்டத்தைத் திருத்தினார்கள். சரி, வக்கீலுக்கு யார் சொல்வது?

ஆளே காணாமல் போயிருந்தால் இன்னும் தமாஷ். உற்றார் உறவினருக்கு 7 வருஷம் தகவலே இல்லையென்றால், இறந்துவிட்டதாகச் சட்டம் ஊகித்துக்கொள்ளும். எந்தத் தேதியில் என்று மட்டும் ஊகிக்காது. 90 நாளை எங்கிருந்து எண்ணுவதாம்?