பெருக்கல் குறி எங்கே? - விளையாட்டுக்கு நடுவே புகும் விளம்பரங்கள்

மொபைலில் கேம் விளையாடும் எல்லோருக்கும் தெரிந்த கணக்கு இது. ஒரு லெவல் முடிக்க ஒரு நிமிடம். முடித்த கையோடு அரை நிமிட விளம்பரம். பத்து லெவல் ஆடினால் ஐந்து நிமிடம் விளம்பரத்துக்கே போய்விடும். அதுவும் அரை நிமிடத்தோடு விட்டால்தானே! வீடியோ முடிந்ததும் ஒரு படம் வந்து நிற்கும். அதன் மூலையில் கடுகளவு ஒரு பெருக்கல் குறி. அதை அமுக்கினால் விளம்பரம் மூடாது, நேராக பிளே ஸ்டோரில் கொண்டுபோய் விடும். திரும்பி வந்தால் இன்னொரு படம், இன்னொரு மூலையில் இன்னொரு பெருக்கல் குறி...

இதைப் பற்றி யாராவது குறைபட்டுக்கொண்டால் இரண்டு பதில்கள் தயாராக இருக்கும். ஒன்று, "ஓசியில்தானே ஆடுற, பொறுத்துக்கோ". இன்னொன்று, "ஆட் பிளாக்கர் போடத் தெரியாதா?". முதல் பதில் விளம்பரக்காரன் சொல்ல வேண்டியதை ஆடுபவனே சொல்வது. இரண்டாவது, திருட்டுக் கொடுத்தவனைப் பார்த்து "ஏன் பூட்டவில்லை?" என்று கேட்பது. இரண்டுமே தப்பு. ஏன் தப்பு என்று பார்ப்போம்.

பெருக்கல் குறி ஏன் கடுகளவு?

கேம் செய்பவர் தன் கேமுக்குள் ஒரு விளம்பர நிறுவனத்தின் நிரலைச் சேர்க்கிறார். லெவல் முடிந்ததும் அந்த நிரல் நெட் வழியாக ஒரு ஏலம் நடத்துகிறது. அதிக விலை சொல்லும் விளம்பரம் திரைக்கு வருகிறது. எல்லாம் கண் மூடித் திறப்பதற்குள். இதில் காசு மூன்று வழிகளில் வரலாம். விளம்பரம் காட்டப்பட்டதற்கு, விரல் பட்டதற்கு, அந்த ஆப் இன்ஸ்டால் ஆனதற்கு. வெறுமனே காட்டியதற்குக் கிடைப்பது சில்லறை. இன்ஸ்டால் ஆனால்தான் நல்ல காசு.

இப்போது புரியும். மூடும் குறி பெரிதாக, தெளிவாக இருந்தால் விரல் அதில்தான் படும். சின்னதாக, பின்னணி நிறத்திலேயே கரைந்து போனால் விரல் தவறும். தவறிய ஒவ்வொரு விரலும் ஒரு 'கிளிக்'. கடுகளவு குறி கவனக்குறைவால் வந்தது அல்ல. குறி எவ்வளவு சின்னதோ அவ்வளவு வருமானம். கடைக்காரர் தராசுத் தட்டை விரலால் அழுத்துவதற்கும் இதற்கும் பெரிய வித்தியாசம் இல்லை.

விளம்பரத்தின் உள்ளே இருப்பது மட்டும் என்ன யோக்கியம்? 'ஹோம்ஸ்கேப்ஸ்', 'கார்டன்ஸ்கேப்ஸ்' விளம்பரங்களில் ஊசியை உருவி ஆளைக் காப்பாற்றும் புதிர் வரும். இன்ஸ்டால் செய்து பார்த்தால் ஒரே நிறப் பொருட்களை வரிசையாகச் சேர்க்கும் வேறு ஆட்டம். 2020 செப்டம்பரில் பிரிட்டனின் விளம்பரக் கண்காணிப்பு அமைப்பு, இவை தவறாக வழிநடத்துகின்றன என்று சொல்லி அந்த விளம்பரங்களுக்குத் தடை போட்டது.

"ஓசி" என்ற வாதம்

சரி, இலவசமாகக் கொடுப்பவன் எப்படிப் பிழைப்பான்? நியாயமான கேள்விதான். ஆனால் காசு கொடுத்து வாங்கியவர்களை விட்டுவைத்தார்களா?

2020-ல் வந்த 'யு.எஃப்.சி 4' சுமார் 60 டாலர் விலையுள்ள கேம். அது வெளிவந்த சில வாரங்களில், சண்டைக்கு நடுவே ரீப்ளே காட்டும் இடத்தில் 'தி பாய்ஸ்' என்ற தொடருக்கு முழுத்திரை விளம்பரத்தை நுழைத்தது இ.ஏ நிறுவனம். ஆடுபவர்கள் கொதித்தெழுந்த பிறகே எடுத்தார்கள். அதே ஆண்டு அக்டோபரில் 'என்.பி.ஏ 2கே21' லோடு ஆகும்போது தாண்டிப் போகவே முடியாத விளம்பரம் வந்தது. 2023 நவம்பரில் 'அசாசின்ஸ் க்ரீட் ஒடிசி' ஆடிக்கொண்டிருந்தவர்கள் மேப்பைத் திறந்தால், அதே வரிசையின் புதுக் கேமுக்குத் தள்ளுபடி என்று பாப்-அப் வந்து நின்றது. கேட்டதற்குத் தொழில்நுட்பக் கோளாறு என்றது யூபிசாஃப்ட். கோளாறு வந்து தள்ளுபடி விலையை அச்சடிக்குமா என்ன!

ஆக, பிரச்சினை ஓசி அல்ல. இடம் கிடைத்தால் நுழைவார்கள், அவ்வளவுதான்.

தொல்லை தராமலும் சம்பாதிக்க முடியும் என்பதற்கும் உதாரணம் உண்டு. வியட்நாமைச் சேர்ந்த டோங் குயென் தனியாளாகச் செய்த 'ஃப்ளாப்பி பேர்ட்' 2014-ல் உலகம் முழுக்கப் பரவியது. அதில் இருந்தது சின்னப் பட்டை விளம்பரம்தான். அதிலேயே ஒரு நாளைக்குச் சுமார் 50,000 டாலர் வந்ததாக அவரே சொன்னார். ஆட்டத்துக்குப் பலர் அடிமையாகிறார்கள் என்று அதே ஆண்டு பிப்ரவரியில் அவராகவே கேமை எடுத்தும் விட்டார். 2008 அமெரிக்கத் தேர்தலின்போது 'பர்ன்அவுட் பாரடைஸ்' என்ற கார் கேமின் சாலையோரப் பலகைகளில் ஒபாமாவின் பிரச்சார விளம்பரம் வந்தது. நிஜச் சாலையில் பலகை இருப்பது போலவே கேம் சாலையிலும் இருந்தது. யாருடைய காரையும் அது நிறுத்தவில்லை.

மொபைலிலேயே இன்னொரு வகை உண்டு. "இந்த விளம்பரத்தைப் பார்த்தால் ஓர் உயிர் கிடைக்கும், பார்க்கிறாயா?" என்று கேட்பது. வேண்டியவர் பார்ப்பார், வேண்டாதவர் போவார். கேட்டுவிட்டுக் காட்டுவது வியாபாரம். கேட்காமல் குறுக்கே வந்து நிற்பது வழிமறிப்பு. எதிர்க்க வேண்டியது இரண்டாவதைத்தான்.

பாப்-அப் ஒருமுறை செத்த கதை

இப்போது இருபது வருடம் பின்னால் போவோம். பிரவுசிங் சென்டரில் ஒரு பக்கத்தைத் திறந்தால் ஐந்து ஜன்னல்கள் படபடவென்று விரியும் காலம். ஒன்றை மூடினால் இரண்டு முளைக்கும். விளம்பரத்துக்காகத் தனி ஜன்னல் திறக்கும் நிரலை 1990-களின் பிற்பகுதியில் டிரைபாட் என்ற நிறுவனத்தில் வேலை செய்தபோது எழுதியவர் ஈதன் சக்கர்மேன். 2014-ல் 'தி அட்லாண்டிக்' இதழில் அதற்காக மன்னிப்பும் கேட்டார்.

அந்தத் தொல்லை எப்படி ஒழிந்தது? ஒவ்வொருவரும் கம்ப்யூட்டர் கற்றுக்கொண்டதால் அல்ல. 2003-ல் கூகுள் தன் டூல்பாரில் பாப்-அப் தடுப்பானை வைத்தது. 2004 ஆகஸ்டில் மைக்ரோசாஃப்ட் விண்டோஸ் எக்ஸ்.பி-க்கான சர்வீஸ் பேக் 2-ல் இன்டர்நெட் எக்ஸ்ப்ளோரருக்கும் அதைக் கொடுத்தது. அதே நவம்பரில் வந்த ஃபயர்ஃபாக்ஸ் 1.0-லும் தடுப்பான் கூடவே வந்தது. யாரும் எதையும் தேடி எடுத்துப் போட வேண்டியிருக்கவில்லை. பிரவுசரைத் திறந்தாலே கதவு சாத்தியிருந்தது. வேண்டுமென்றால் திறந்துகொள்ளலாம்.

அதனால் இணையம் செத்துவிட்டதா? இல்லை. விளம்பரத் தொழில் படுத்துவிட்டதா? அதுவும் இல்லை, பல மடங்கு வளர்ந்தது. இன்று "இந்த விளம்பரம் இல்லாவிட்டால் கேமே இருக்காது" என்று புலம்புபவர்கள் இந்தக் கதையைக் கொஞ்சம் படிக்க வேண்டும்.

இன்று கதவைச் சாத்த வேண்டியவர் யார்?

ஆண்ட்ராய்டைச் செய்வது கூகுள். பிளே ஸ்டோரை நடத்துவது கூகுள். கேம்களுக்குள் விளம்பரம் காட்டும் 'ஆட்மாப்' நிறுவனத்தை 75 கோடி டாலருக்கு வாங்க 2009-ல் ஒப்பந்தம் போட்டு, 2010-ல் கையில் எடுத்ததும் கூகுள். 2003-ல் பாப்-அப்பைத் தடுத்தவர் இன்று பாப்-அப் வருமானத்தில் பங்குதாரர். வாட்ச்மேனுக்கும் கன்னக்கோல் வைத்தவனுக்கும் ஒரே முதலாளி என்றால் வீடு என்னாகும்?

விதியே இல்லை என்று சொல்ல முடியாது. 2022 செப்டம்பர் 30 முதல் பிளே ஸ்டோர் விதிப்படி, ஆட்டத்துக்கு நடுவிலோ லெவல் தொடங்கும்போதோ எதிர்பாராமல் முழுத்திரை விளம்பரம் வரக் கூடாது. 15 விநாடிக்குப் பிறகும் மூட முடியாத முழுத்திரை விளம்பரமும் கூடாது. குழந்தைகளுக்கான ஆப் என்றால் 5 விநாடிதான் கெடு. கேட்க நன்றாக இருக்கிறது. ஆனால் நம் வீடுகளில் குழந்தை ஆடுவது யார் போனில்? அம்மா போனில், அம்மாவின் அக்கவுன்டில். அம்மா இறக்கி வைத்த ஏதோ ஒரு பொதுவான கேமில். ஐந்து விநாடி விதி அங்கே எட்டிக்கூடப் பார்க்காது. பால் கணக்குக்கு ஜிபே செய்யும் அதே போனில்தான் குழந்தையின் விரல் கடுகளவு குறியைத் தேடிக்கொண்டிருக்கிறது.

செய்ய மனம் இருந்தால் செய்யலாம். 2020 பிப்ரவரியில் தொல்லை விளம்பரம் காட்டிய கிட்டத்தட்ட 600 ஆப்களை கூகுளே ஒரே வீச்சில் தூக்கி எறிந்தது. கம்ப்யூட்டர் பக்கம் ஸ்டீம் கடையை நடத்தும் வால்வ் நிறுவனம், விளம்பரம் பார்த்தால்தான் ஆட முடியும் என்று கட்டாயப்படுத்தும் கேமுக்கு இங்கே இடமில்லை என்று விதியே வைத்திருக்கிறது. ஸ்டீம் இழுத்து மூடிவிடவில்லை.

அதுவரை என்ன செய்வது?

கதவு சாத்தப்படும் வரை சும்மா இருக்க வேண்டியதில்லை. கையில் இருக்கும் வழிகள் இவை.

1. நெட் தேவைப்படாத கேம் என்றால் ஃப்ளைட் மோட் போட்டுவிட்டு ஆடலாம். சில போன்களில் குறிப்பிட்ட ஓர் ஆப்புக்கு மட்டும் நெட்டை நிறுத்தும் வசதி செட்டிங்ஸிலேயே உண்டு. போன் கால் வருவது நிற்காது.

2. ஆண்ட்ராய்டு 9 முதல் 'பிரைவேட் டி.என்.எஸ்' என்ற வசதி இருக்கிறது. டி.என்.எஸ் என்பது இணையத்தின் டெலிபோன் டைரக்டரி. விளம்பரம் வடிகட்டும் டி.என்.எஸ் முகவரி ஒன்றை அதில் கொடுத்தால், விளம்பர சர்வரின் விலாசம் கேட்கும் கேமுக்குப் பதில் கிடைக்காது. விளம்பரமும் வராது. எல்லாவற்றையும் பிடிக்காது, பெரும்பாலானதைப் பிடிக்கும். உயிர் கொடுக்கும் விளம்பரமும் சேர்ந்தே நின்றுபோகும்.

3. கேமை மூடிய பிறகும் ஹோம் ஸ்கிரீனில் விளம்பரம் குதிக்கிறதா? அது கேமின் வேலையாகவே இருக்க வேண்டியதில்லை. டார்ச், கிளீனர் என்று எப்போதோ போட்ட ஆப்பாக இருக்கலாம். செட்டிங்ஸில் 'மற்ற ஆப்களின் மேல் காட்டு' என்ற அனுமதி யார் யாருக்கு இருக்கிறது என்று பார்த்துப் பிடுங்க வேண்டும். குரோமில் நோட்டிஃபிகேஷன் அனுமதி பெற்ற தளங்களின் பட்டியலையும் ஒருமுறை பார்ப்பது நல்லது.

4. பிரவுசரிலேயே ஆடுபவர்களுக்கு, ஆண்ட்ராய்டு ஃபயர்ஃபாக்ஸில் 'யூபிளாக் ஆரிஜின்' போடலாம்.

5. விளம்பரமே இல்லாத கேம்கள் நிறைய உண்டு. 'எஃப்-டிராய்டு' கடையில் ஷேட்டர்டு பிக்சல் டன்ஜன், மின்டஸ்ட்ரி, சைமன் டாதமின் புதிர்த் தொகுப்பு எல்லாம் சல்லிக் காசில்லாமல் கிடைக்கின்றன. காசு கொடுக்க மனமிருந்தால் பிளே பாஸ் இருக்கிறது. 2022-ல் இந்தியாவுக்கு வந்தபோது மாதம் 99 ரூபாய். விளம்பரம் கிடையாது.

6. ஒன்றை மட்டும் செய்யவே கூடாது. விளம்பரம் நீக்கிய 'மோட் ஏபிகே' என்று எங்கிருந்தோ இறக்குவது. பேங்க் கணக்கு இருக்கும் போனில் முகம் தெரியாதவன் எழுதிய நிரலை ஏற்றுவது, கொசுவுக்குப் பயந்து பாம்பை வீட்டுக்குள் விடுவது மாதிரி.

"இப்படித் தடுத்தால் கேம் செய்தவர் வயிற்றில் அடிப்பதாகாதா?" என்று சிலர் கேட்பார்கள். பிடித்த கேம் என்றால், 'விளம்பரம் நீக்கு' என்று அதில் இருக்கும் பொத்தானுக்கு ஒருமுறை காசு கொடுப்பதுதான் நேர்மை. ஆனால் விரலை ஏமாற்றி எடுக்கும் காசுக்கு யாரும் யாருக்கும் கடன்பட்டிருக்கவில்லை.

கேட்க வேண்டியது

மேலே உள்ள ஆறு வழிகளையும் இன்னொரு முறை படித்துப் பார்க்கலாம். காலேஜ் பசங்கள் பத்து நிமிடத்தில் செய்துவிடுவார்கள். அவர்களுடைய அம்மா? பாட்டி? செட்டிங்ஸின் ஆங்கிலம் பிடிபடாத மளிகைக்கடை அண்ணன்? தெரிந்தவன் தப்பிக்கலாம், தெரியாதவன் மாட்டிக்கொள்ளட்டும் என்பது தீர்வே அல்ல. அதனால்தான் "ஆட் பிளாக்கர் போடத் தெரியாதா?" என்ற கேள்வி தப்பு.

கேட்க வேண்டியது மூன்றே மூன்று. ஒன்று, மூடும் குறியை விளம்பரம் வரையக் கூடாது, போன் வரைய வேண்டும். எல்லா விளம்பரத்திலும் ஒரே மூலை, ஒரே அளவு, ஒரே அமுக்கில் மூட வேண்டும். இரண்டு, குழந்தைக்கு உள்ள 5 விநாடிக் கெடு எல்லோருக்கும் வேண்டும். மூன்று, இன்னொரு முறை கேட்டு 'சரி' வாங்காமல் எந்த விளம்பரமும் ஸ்டோரைத் திறக்கக் கூடாது. எதுவும் ராக்கெட் விஞ்ஞானம் அல்ல. ஒரு சாஃப்ட்வேர் அப்டேட்டில் முடிகிற வேலை.

சட்டமும் கொஞ்சம் கைகொடுக்கும். இந்தியாவின் மத்திய நுகர்வோர் பாதுகாப்பு ஆணையம் 2023 நவம்பர் 30-ல் 'டார்க் பேட்டர்ன்' எனப்படும் ஏமாற்று வடிவமைப்புகளுக்கு எதிராக வழிகாட்டுதல் வெளியிட்டது. அது பட்டியலிட்ட 13 வகைகளில், விடாமல் நச்சரிப்பதும் உண்டு, மாறுவேடத்தில் வரும் விளம்பரமும் உண்டு. பணம் வைத்து ஆடும் ஆன்லைன் கேம்களுக்கான விளம்பரத்தையே 2025 ஆகஸ்டில் நாடாளுமன்றம் நிறைவேற்றிய சட்டம் தடை செய்கிறது. தேசிய நுகர்வோர் உதவி எண் 1915. ஸ்கிரீன்ஷாட் எடுத்துப் புகார் கொடுக்கக் காசு செலவில்லை. பிளே ஸ்டோரில் அந்தக் கேமுக்கு ஒரு ஸ்டார் கொடுத்து, எந்த விளம்பரம், எப்படி ஏமாற்றியது என்று இரண்டு வரி எழுதவும் காசில்லை. அடுத்து அதை இறக்கப் போகிறவர் படிப்பது அதைத்தான்.

2004-ல் பிரவுசருக்கு வந்த கதவு, கேமுக்கு இன்னும் வரவில்லை. அன்று எரிச்சலில் கத்தியவர்கள் நிறையப் பேர். இன்று கத்துபவர்கள் குறைவு, பொறுத்துக்கொள்பவர்கள் அதிகம். முதலில் மாற வேண்டியது அதுதான்.