எச்சம்

வேடந்தாங்கலுக்குப் போகிற வழியில் காரில் ஒரு பதிவைப் போட்டேன். 'கிரேட்ஃபுல் டெட்' என்ற அமெரிக்க ராக் குழுவினர் 1969-ல் சான்பிரான்சிஸ்கோ மேடைகளில் வாசித்தது. 'லைவ்/டெட்' என்று அதே ஆண்டு இசைத்தட்டாக வந்தது. கூட வந்த நண்பர் டிசம்பரில் ஒரு சபாவையும் விடாத ரசிகர். பத்து நிமிஷம் பொறுத்தார்.

"இன்னும் சுருதி சேர்த்து முடியவில்லையா, சார்? ஸ்டூடியோவில் வாசித்ததைப் போடுங்களேன், சுத்தமாக இருக்கும்!" என்றார்.

இந்தச் 'சுத்த'த்தோடுதான் எனக்குச் சண்டை.

அந்த 'டார்க் ஸ்டார்' பாட்டின் ஸ்டூடியோப் பதிவையும் அவர்கள் 1968-ல் வெளியிட்டார்கள். சுத்தம்தான், மூன்று நிமிஷம்கூட இல்லை. மேடையில் அதுவே 23 நிமிஷம். வாத்தியங்கள் ஒன்றையொன்று தேடுகின்றன, தவறவிடுகின்றன, எதிர்பாராத இடத்தில் சந்திக்கின்றன. தேடலை வெட்டிவிட்டால் மிஞ்சுவது பாட்டின் விலாசம் மட்டுமே.

நமக்கு இது புதிதா? மதுரை மணி ஐயர் 1968-ல் காலமானார். இன்றும் அவரை நம் வீட்டுக்கு அழைத்து வருகிறவை பெரும்பாலும் கச்சேரிப் பதிவுகளே. அவற்றில் இரைச்சல் உண்டு, இருமல் உண்டு, யாரோ ஒருவர் 'பலே' என்கிறார். நம் 'பலே' ரசனை, அமெரிக்கன் கைதட்டினால் கூச்சலா?

அந்தக் குழுவினர் 1984-ல், பதிவு செய்கிற ரசிகர்களுக்கென்று அரங்கில் தனி இடமே ஒதுக்கினார்கள். 1977-ல் கார்னெல் பல்கலைக்கழகத்தில் அவர்கள் நடத்திய கச்சேரியின் பதிவு, அமெரிக்கக் காங்கிரஸ் நூலகத்தின் தேசிய ஒலிப்பதிவுப் பட்டியலில் சேர்ந்துவிட்டது. நாமோ, தகப்பனார் சபாவில் பிடித்து வைத்த டேப்பைப் பூஞ்சணம் பூக்க விடுகிறோம். பிறகு, 'தெளிவாக இல்லை' என்று எடைக்குப் போடுகிறோம். என் நண்பரின் பரணிலும் அப்படி ஒரு பெட்டி இருக்கிறது.

வேடந்தாங்கல்காரர்கள் நம்மைவிடப் புத்திசாலிகள். பறவைகளின் எச்சம் கலந்த ஏரித் தண்ணீரை அசுத்தம் என்று அவர்கள் ஒதுக்கவில்லை. வயலுக்கு உரம் என்று கண்டுகொண்டார்கள். பதினெட்டாம் நூற்றாண்டின் இறுதியில் வெள்ளைக்காரச் சிப்பாய்கள் பறவைகளைச் சுட்டபோது, கலெக்டரிடம் முறையிட்டுப் பாதுகாப்பு வாங்கினார்கள். கச்சேரியின் எச்சத்துக்காக முறையிட நம்மில் எத்தனை பேர்?

அந்தி சாய்ந்தது. ஆயிரக்கணக்கான பறவைகள் ஒரே இரைச்சலாக மரங்களில் வந்து அடைந்தன. நண்பர் அரைமணி நேரம் அசையாமல் நின்றார்.

"ஸ்டூடியோவில் எடுத்தால் இன்னும் சுத்தமாக இருக்கும், இல்லையா?" என்றேன்.

பதில் இல்லை. எனக்குப் பதில் வேண்டாம்; பரணிலிருந்து அந்தப் பெட்டி இறங்கினால் போதும்.