கிரீன் டேவுக்கே கதவைச் சாத்திய மேடை: 924 கில்மன் விட்டுச்செல்வது என்ன?

பங்க் ராக் கேட்பவர்களுக்கு 'கிரீன் டே' பேண்டைத் தெரியாமல் இருக்காது. 1994-ல் வந்த அவர்களின் 'டூக்கி' ஆல்பம் அமெரிக்காவில் மட்டும் ஒரு கோடி பிரதிகளைத் தாண்டியது. ஆனால், அந்தப் பேண்டை வளர்த்த மேடையே அவர்களுக்குத் தடை போட்டது. ஏன்?

எங்கே இருக்கிறது?

அமெரிக்காவின் கலிஃபோர்னியா மாகாணம், பெர்க்லி நகரம், 924 கில்மன் தெரு. முகவரிதான் பெயரும். 'மேக்ஸிமம் ராக்கன்ரோல்' பத்திரிகையின் டிம் யோஹானன் உள்ளிட்டோர் தொடங்கிய இந்த அரங்கில், 1986 டிசம்பர் 31 இரவு முதல் கச்சேரி நடந்தது. 1988-ல் அவர் விலகியதும் கதை முடிந்தது என்றுதான் பலரும் நினைத்தார்கள். தன்னார்வலர்களே கையிலெடுத்து மீண்டும் திறந்தார்கள்.

அப்படி என்ன ஸ்பெஷல்?

அமெரிக்காவில் மது வாங்க 21 வயது ஆகணும். சின்ன பேண்டுகள் வாசிப்பதோ பெரும்பாலும் பார்களில். அப்போ 16 வயசுப் பிள்ளைகள் எங்கே போவாங்க? கில்மன் மதுவையே தூக்கிவிட்டது. எந்த வயதினரும் வரலாம். போதைப்பொருள், வன்முறை, இனவெறி, பெண்களையோ தன்பாலீர்ப்பாளர்களையோ இழிவுபடுத்துவது எதற்கும் இடமில்லை. உறுப்பினர் அட்டைக்குச் சிறு கட்டணம்தான். உறுப்பினர்கள் கூட்டத்தில் ஓட்டும் போடலாம்.

தடை ஏன்?

பெரிய ரெக்கார்டு கம்பெனிகளின் பேண்டுகளுக்கு அங்கே அப்போது மேடை கிடைக்கவில்லை. வார்னர் குழுமத்தின் 'ரிப்ரைஸ்' நிறுவனத்துடன் கிரீன் டே ஒப்பந்தம் போட்டதும் அந்த விதி அவர்களுக்கும் பொருந்தியது. 2015 மே மாதம், தீ விபத்தில் பாதிக்கப்பட்டவர்களுக்கான நிதி திரட்டும் கச்சேரிக்காகத் திரும்பி வந்து வாசித்தார்கள்.

இதற்கு விலை?

இருக்கிறது. பாரில் டிக்கெட் விற்காவிட்டால் சரக்கு விற்பனை கைகொடுக்கும். கில்மனுக்கு வாசலில் வசூலாகும் காசுதான் பெரிய ஆதாரம். நட்சத்திரங்களை வைத்துச் சம்பாதிக்கும் வழியையும் அதுவே அடைத்துக்கொண்டது. வாடகை கட்டுவது, வாசலில் நிற்பது, கூட்டிப் பெருக்குவது எல்லாம் சம்பளமில்லா வேலை.

சலிப்பூட்டும் வேலைதான். ஆனால் அது எவ்வளவு முக்கியம் என்பதைப் பக்கத்து ஊரான ஓக்லாந்து 2016-ல் பார்த்தது. முறையான அனுமதி இல்லாத 'கோஸ்ட் ஷிப்' கிடங்கில் இசை நிகழ்ச்சியின்போது தீப்பிடித்து 36 பேர் இறந்தார்கள். வாடகை ஏறும் நகரங்களில், கலைஞர்கள் ஆபத்தான கட்டடங்களுக்குத் தள்ளப்படுகிறார்கள்.

கில்மனின் உண்மையான சாதனை கிரீன் டே அல்ல. பேர் தெரியாத பிள்ளைகள் பயமின்றி முதல்முறை மேடை ஏற ஓர் இடம். அதை அவர்களே நடத்தவும் முடியும் என்பதற்கான சாட்சி.