'துணை' என்கிற அவதூறு

பிரெஞ்சு நடிகை ஸில்வியைப் பற்றிப் பேச வருகிறவர்கள் எல்லோரும் ஒரே கதையைத்தான் சொல்கிறார்கள். 1883இல் பிறந்தவர், திரையில் வெகுகாலம் துணைப் பாத்திரங்கள், கடைசியில் 1965இல், எண்பது தாண்டிய வயதில், ரெனே அலியோவின் 'வெட்கங்கெட்ட கிழவி'யில் கதாநாயகி, அமெரிக்காவின் தேசிய சினிமா விமர்சகர் சங்கம் 1966க்கு வழங்கிய தன் முதல் விருதுகளில் சிறந்த நடிகை, 1970இல் மரணம். தாமதமாகவாவது கிடைத்த நீதி என்று கண் கசிகிறார்கள். இதைப் பாராட்டு என்று என்னால் ஒப்புக்கொள்ள முடியவில்லை. அதற்கு முந்தைய முப்பது வருஷ வேலையைத் தள்ளுபடி செய்கிற காரியம் இது.

இந்தக் கண்ணீருக்கு மூலம் அந்தப் படத்தின் கதையே. ப்ரெக்டின் சிறுகதையிலிருந்து எடுத்தது. கணவன் இறந்த பிறகு பெர்த் என்ற கிழவி, பிள்ளைகள் சொல்லுக்கு அடங்கிக் கிடக்காமல், தட்டுமுட்டுகளை விற்று, கார் வாங்கி, தன் இஷ்டத்துக்கு வாழ்கிறாள். முதல் ஜீவிதம் ஊழியம்; இரண்டாவது சுதந்திரம். இதையே நடிகையின் வாழ்வுக்கும் மாட்டிவிடுகிறார்கள். துணைப் பாத்திரம் என்றால் சமையற்கட்டு, கதாநாயகி என்றால் விடுதலை. சௌகரியமான உவமை, பொய்யான உவமை.

1943ஐ எடுத்துக்கொள்வோம். க்ளூஸோவின் 'காக்கை', ப்ரெஸ்ஸோனின் முதல் முழுநீளப் படமான 'பாவத்தின் தேவதைகள்' இரண்டும் அந்த வருஷம் வந்தவை. இரண்டிலும் ஸில்வி இருக்கிறார். பின்னதில் மடத்துத் தலைவி. முன்னதில், மொட்டைக் கடிதம் படித்துத் தற்கொலை செய்துகொண்ட நோயாளியின் தாய். எழுதியவனின் கழுத்தை மகனுடைய சவரக்கத்தியால் அறுத்துவிட்டுக் கறுப்பு முக்காட்டோடு தெருவில் நடந்து போகிறார். நன்மை தீமை பற்றிப் படம் முழுக்க நடந்த விவாதம் அந்த நடையில் வாயடைத்துப் போகிறது. அவர் எத்தனை நிமிஷம் திரையில் இருந்தார் என்று கணக்குப் பார்க்கிறவரோடு எனக்குப் பேச்சில்லை.

டைரக்டரே சகலமும் என்பவர்களுக்கும் ஒரு வார்த்தை. ப்ரெஸ்ஸோன் பிற்பாடு தொழில்முறை நடிகர்களை ஒதுக்கினார். அது அவர் தேடிக்கொண்ட வழி. அதையே சாக்காக்கி, நடிகர் வெறும் களிமண் என்று தீர்ப்பெழுதுவது நம் சோம்பேறித்தனம். க்ளூஸோவின் கசப்பும் ப்ரெஸ்ஸோனின் விரதமும் ஒன்றோடொன்று ஒட்டாதவை. இரண்டுக்குள்ளும் நிலைத்து நின்ற ஒரு முகத்துக்குச் சொந்தச் சரக்கு எதுவும் இல்லையா?

மார்ஸெல் கார்னேயின் 'தெரேஸ் ரக்கேன்' (1953) படத்தில் ஸில்விக்குக் கையும் இல்லை, காலும் இல்லை, வாயும் இல்லை. மகனின் சாவுக்குக் காரணமானவர்கள் எதிரே பக்கவாதத்தில் முடங்கிய தாய். மிச்சம் கண்கள் மட்டும். ஸீமோன் ஸிஞோரே அந்தக் கண்களுக்குப் பதில் சொல்லித்தான் நடிக்க வேண்டியிருக்கிறது. இங்கே யாருக்கு யார் துணை?

1965இல் அந்தப் படம் வராவிட்டால் ஸில்வியை யாருக்குத் தெரியும் என்று கேட்கலாம். நியாயம்தான். பலருக்குத் தெரிந்திருக்காது. ஆனால் அது பார்த்தவர்களின் குறை, ஸில்வியின் குறை அல்ல. கடைகளை வேடிக்கை பார்க்கும் பெர்த்தின் கண்களில், உடம்பை அசைக்காமலே ஒரு மனுஷியைக் காட்டிவிடும் அந்தப் பழைய சிக்கனமே வேலை செய்கிறது. பெர்த் தன் முதல் ஜீவிதத்தை உதறினாள். ஸில்வி எதையும் உதறவில்லை. முழுவதையும் எடுத்துக்கொண்டுதான் அந்தப் படத்துக்கு வந்தார்.

அவருக்கு அஞ்சலி செலுத்த விரும்புகிறவர்கள் 'காக்கை'யிலிருந்து தொடங்கட்டும். விருதைக் கடைசியில் பார்த்துக்கொள்ளலாம்.