சஃபாரி வண்டிக்கு வெளியே நடப்பவர்கள்

முதுமலைப் புலிகள் காப்பகத்தின் தெப்பக்காட்டிலிருந்து காலையிலும் மாலையிலும் வனத்துறையின் சஃபாரி வண்டிகள் புறப்படுகின்றன. ஏறத்தாழ ஒரு மணி நேரப் பயணம். வண்டியை விட்டு இறங்கக் கூடாது, கூச்சலிடக் கூடாது, விலங்குகளுக்கு எதையும் கொடுக்கக் கூடாது என்று ஏறும்போதே அறிவுறுத்திவிடுகிறார்கள். மூங்கில் புதரை விலக்கிக்கொண்டு யானைக் கூட்டமொன்று வெளிப்பட்டால் ஓட்டுநர் வண்டியை நிறுத்திக் காத்திருப்பார். தாய் யானை காதை விரித்துத் தலையை ஆட்டினால் சத்தமின்றிப் பின்னுக்கு எடுப்பார். யானையே தென்படாமல் வண்டி திரும்பினால் கொடுத்த காசு வீண் என்ற முணுமுணுப்பு எழும்.

அங்கிருந்து இருபது கிலோமீட்டருக்குள் கூடலூர் இருக்கிறது. அதன் தேயிலைத் தோட்டங்களில் விடிகாலையில் ஒருவரையொருவர் கேட்டுக்கொள்ளும் முதல் கேள்வியும் யானை தென்பட்டதா என்பதுதான். இல்லை என்ற விடை கிடைத்த பிறகே பெண்கள் கொழுந்துப் பையை எடுத்துக்கொண்டு சரிவில் இறங்குகிறார்கள். முதுமலை, பந்திப்பூர், நாகரகொளே, வயநாடு ஆகிய காடுகள் இணைந்த நிலப்பரப்பில்தான் உலகிலேயே மிகுதியான ஆசிய யானைகள் வாழ்கின்றன. அந்த யானைகளில் ஒன்றே மாலையில் படமெடுக்கப்பட்டு, இரவில் கூடலூர், பந்தலூர் பகுதிகளின் லைன் வீட்டுச் சுவரில் துதிக்கையை வைக்கவும் கூடும்.

யானையைக் காண விரும்புவது குற்றமன்று. இக்கட்டுரை சுற்றுலாப் பயணியைக் கூண்டில் ஏற்றுவதற்காக எழுதப்படவில்லை. நாம் கவனிக்க வேண்டியது அந்த ஒரு மணி நேரத்தில் அரசு செய்து தரும் ஏற்பாட்டை. பழகிய ஓட்டுநர், யானையின் உடல்மொழி அறிந்த வழிகாட்டி, முன்னெச்சரிக்கை விதிகள், பாதுகாப்பான வாகனம், இருட்டுவதற்குள் திரும்பிவிடும் ஒழுங்கு ஆகிய அனைத்தும் அங்கே உண்டு. மனிதரும் காட்டு யானையும் ஒருவரையொருவர் காயப்படுத்தாமல் கடந்துசெல்வது எப்படி என்று அரசுக்கு நன்றாகவே தெரியும். அந்த அறிவு தோட்டத் தொழிலாளியின் நடைபாதைக்கு மட்டும் ஏன் வந்து சேரவில்லை என்பதே நம் கேள்வி.

இந்தியாவில் ஆண்டுதோறும் 500 பேருக்கு முன்பின்னாக யானைகளால் உயிரிழக்கிறார்கள். இவர்கள் எந்தச் சாதியினர், எத்தகைய வீட்டில் குடியிருந்தவர்கள், எந்த வேலைக்காக எந்நேரத்தில் வெளியே வந்தவர்கள் என்ற கணக்கு பொதுவெளியில் வைக்கப்படுவதில்லை. ஆயினும் கூடலூர், பந்தலூர்ச் செய்திகளைத் தொடர்ந்து படிப்பவர்களுக்கு அந்த மரணங்களின் சாயல் பழக்கமானது. விடியுமுன் வேலைக்கு நடந்தவர், வீட்டில் கழிப்பறை இல்லாமல் இருட்டில் வெளியே போனவர், கடைசிப் பேருந்தை விட்டு இறங்கி விளக்கில்லாத பாதையில் வந்தவர், நியாயவிலைக் கடை அரிசியை உள்ளே வைத்துவிட்டு மண்சுவருக்குள் உறங்கியவர். தோட்டத் தொழிலாளர் சட்டம் 1951ஆம் ஆண்டே குடியிருப்பையும் கழிப்பறையையும் நிருவாகத்தின் கடமையாக்கியது. அச்சட்டம் நடைமுறையில் இருந்திருந்தால் இந்த மரணங்களில் பல நேர்ந்திரா.

பந்தலூர் மக்னா என்று அழைக்கப்பட்ட தந்தமற்ற ஆண் யானையை நினைவுகூரலாம். அரிசிக்காக வீடுகளை உடைத்துப் பழகியது. மக்கள் அதற்கு 'அரிசி ராஜா' என்று பெயரிட்டார்கள். 2022 நவம்பரில் அது வீட்டை இடித்ததில் ஒரு பெண் உயிரிழந்தார். டிசம்பரில் பிடித்து முதுமலைக் காட்டில் விட்டார்கள். சில வாரங்களில் அது கேரளத்தின் சுல்தான் பத்தேரி நகருக்குள் நடந்து சென்றது. அங்கே மீண்டும் பிடிபட்டு முத்தங்கா முகாமில் அடைக்கப்பட்டது. யானையின் குற்றப்பட்டியல் நாளேடுகளில் விரிவாக வந்தது. துதிக்கை பட்டதும் சரிந்துவிழும் வீட்டில் மனிதர்களைக் குடிவைத்தது யார் என்பது எந்தப் பட்டியலிலும் இடம்பெறவில்லை.

கூடலூருக்கு இம்மக்கள் வந்த வரலாற்றை அறியாமல் இதைப் புரிந்துகொள்ள இயலாது. 1964 அக்டோபரில் கையெழுத்தான சிறிமாவோ-சாஸ்திரி ஒப்பந்தம், இலங்கை மலையகத்தின் 5,25,000 தமிழர்களை இந்தியா ஏற்றுக்கொள்ளும் என்று முடிவுசெய்தது. யாரையும் கேட்டுச் செய்த முடிவன்று அது. இம்மக்களில் பெரும்பகுதியினர் பறையர், பள்ளர், அருந்ததியர் சமூகங்களைச் சேர்ந்தவர்கள். பஞ்சமும் சாதிக்கொடுமையும் துரத்த, நிலமற்றவர்களாகக் கடல் கடந்தவர்களின் வழித்தோன்றல்கள். திரும்பி வந்தபோதும் சமவெளியில் அவர்களுக்கு நிலம் கிடைக்கவில்லை. அவர்களுக்கு வேலை தருவதற்காக 1968இல் நீலகிரியில் அரசுத் தேயிலைத் தோட்டங்கள் தொடங்கப்பட்டன. பின்னர் அதுவே தமிழ்நாடு தேயிலைத் தோட்டக் கழகமான 'டான்டீ' ஆயிற்று. தொடங்கியது வனத்துறை, வெட்டப்பட்டது காடு. அதாவது, யானையின் வழியில் இம்மக்களைக் கொண்டுபோய் நிறுத்தியது அரசேதான்.

ஊரின் விளிம்பில் சேரி அமைந்த அதே முறையில்தான் காட்டின் விளிம்பில் லைன் வீடுகளும் அமைந்தன. ஓய்வுபெற்றால் அந்த வீட்டையும் காலிசெய்ய வேண்டும். வெளியே வந்து சிறு குடிசை போட்டவர்களின் நிலம் 1969ஆம் ஆண்டு கூடலூர் ஜென்ம நில ஒழிப்புச் சட்டத்தின் பதினேழாம் பிரிவுச் சிக்கலில் மாட்டிக்கொண்டது. பட்டா கிடையாது, பட்டா இல்லாததால் ஏராளமான வீடுகளுக்கு நெடுங்காலம் மின்சாரமும் கிடையாது. இருட்டைச் சட்டமே உருவாக்கித் தருகிறது. அந்த இருட்டில் யானையை எதிர்கொள்ளும் பொறுப்பு குடியிருப்பவருடையது.

2006ஆம் ஆண்டின் வன உரிமைச் சட்டம் இவர்களுக்குக் கைகொடுக்கும் என்று எண்ணினால் அதுவும் இல்லை. பழங்குடியினர் அல்லாதோர் அச்சட்டத்தின்கீழ் உரிமை கோர, 2005 டிசம்பர் 13க்கு முன் மூன்று தலைமுறைகள், அதாவது 75 ஆண்டுகள், காட்டைச் சார்ந்து வாழ்ந்திருக்க வேண்டும். 1964க்குப் பிறகு அரசே கப்பலில் ஏற்றிக் கொண்டுவந்த தலித் குடும்பம் அதை எப்படி மெய்ப்பிக்கும்? இலங்கையில் இந்தியர், இந்தியாவில் 'சிலோன்காரர்', காட்டோரத்தில் ஆக்கிரமிப்பாளர்.

அச்சட்டத்தின் முழுப் பயனுக்கும் உரியவர்களான காட்டுநாயக்கர், குறும்பர், இருளர், பணியர் ஆகியோரின் நிலையும் பெரிதாக மேம்பட்டுவிடவில்லை. 2023 மார்ச்சில் 'தி எலிபன்ட் விஸ்பரர்ஸ்' ஆஸ்கர் விருது பெற்றபோது, தெப்பக்காடு முகாமில் யானைக்குட்டிகளை வளர்த்த காட்டுநாயக்கர் இணையரை நாடே கொண்டாடியது. மறுமாதம் பிரதமர் நேரில் வந்து அவர்களைச் சந்தித்தார். பழங்குடியினர் யானையின் அருகில் நிற்கும் படம் நாட்டுக்குப் பெருமை தருகிறது. அதே மக்கள் நில உரிமை கேட்டு மனுவோடு நிற்கும் படத்துக்குத்தான் சட்டகம் கிடைப்பதில்லை.

இங்கே ஓர் எச்சரிக்கை தேவை. தொழிலாளர் பக்கம் பேசுவதாகச் சொல்லிக்கொண்டு யானைகளின் வழித்தடங்களே பொய் என்று வாதிடும் குரல்களும் உண்டு. அவற்றுக்குப் பின்னால் பெரும்பாலும் விடுதி முதலாளிகளின் நலனே இருக்கிறது. சீகூர்ப் பீடபூமியின் யானை வழித்தடத்தைத் தமிழ்நாடு அரசு 2010இல் அறிவிக்கை செய்தது. விடுதி உரிமையாளர்கள் வழக்காடினார்கள். உச்சநீதிமன்றம் 2020 அக்டோபர் 14 அன்று அந்த அறிவிக்கையை உறுதிசெய்தது. சரியான தீர்ப்பு. 2021 சனவரியில் மசினகுடியில் உரிமமற்ற விடுதியொன்றிலிருந்து எரியும் பொருளை யானையின் மீது வீச, காதில் தீப்பற்றி ஓடிய அந்த யானை பின்னர் இறந்துபோனதையும் நாம் மறக்கவில்லை. யானை காணலாம் என்று விளம்பரம் செய்த பகுதியில்தான், வாசலுக்கு வந்த யானை எரிக்கப்பட்டது.

ஆனால் கால அளவை ஒப்பிட்டுப் பாருங்கள். விடுதிக்காரர்கள் உச்சநீதிமன்றம் வரை பத்தாண்டுகள் வாதாட முடிந்தது. தமிழ்நாடு முழுவதற்கும் 42 யானை வழித்தடங்களை முன்மொழிந்த வரைவறிக்கையை வனத்துறை 2024 ஏப்ரல் இறுதியில் வெளியிட்டபோது, மக்கள் கருத்துச் சொல்லத் தரப்பட்ட அவகாசம் சில நாள்களே. அறிக்கை ஆங்கிலத்தில் இருந்தது. தன் வீடு வழித்தடத்துக்குள் வருகிறதா என்று அறிய ஒரு தேயிலைத் தொழிலாளி முதலில் ஆங்கிலம் கற்க வேண்டும், பிறகு வரைபடம் படிக்கக் கற்க வேண்டும், எல்லாம் ஒரு வாரத்துக்குள். கூடலூர் கொதித்தெழுந்ததில் வியப்பில்லை. டான்டீயின் 2,000 எக்டேருக்கு மேற்பட்ட நிலத்தை வனத்துறையிடம் திருப்பி ஒப்படைக்க 2022இல் முடிவெடுத்ததும் இம்மக்களின் அச்சத்தைக் கூட்டியிருந்தது.

இது கூடலூரோடு நிற்கும் கதையன்று. கேரளத்தின் சின்னக்கானலில், யானைகளின் நடமாட்டம் மிகுந்த இடம் என்று தெரிந்தே, இருபது ஆண்டுகளுக்கு முன்பு 301 பழங்குடிக் குடும்பங்களுக்கு நிலம் ஒதுக்கினார்கள். பெரும்பாலோர் அஞ்சி வெளியேறினார்கள். எஞ்சியோரின் வீடுகளையும் அரிசிக் கடையையும் உடைத்த அரிக்கொம்பன் 2023இல் பிடிக்கப்பட்டு, பெரியாறு, கம்பம் வழியாக அலைந்து, இறுதியில் களக்காடு முண்டந்துறைப் புலிகள் காப்பகத்தின் மேல் கோதையாற்றில் விடப்பட்டது. செப்டம்பரில் அது மாஞ்சோலை மலையின் நாலுமுக்கு, ஊத்து தோட்டங்களுக்கு வந்தது. 1999 சூலை 23 அன்று கூலி உயர்வு கேட்டுப் போன ஊர்வலத்தில் தாமிரபரணிக் கரையில் 17 உயிர்களை இழந்த மாஞ்சோலைத் தொழிலாளர்கள் குடியிருந்த மலை அது. பழங்குடிக் குடியிருப்பிலிருந்து அகற்றிய யானையை இறக்கிவிட, தலித் தொழிலாளர்களின் மலைதான் அகப்பட்டது. மறு ஆண்டு, 2024இல், அத்தொழிலாளர்களுக்கே விருப்ப ஓய்வு என்ற பெயரில் வெளியேறும் தாள் நீட்டப்பட்டது. 2025 செப்டம்பரில் கூடலூரின் ஓவேலியில் பிடிபட்ட யானையும் அதே மலைக்குத்தான் கொண்டுசெல்லப்பட்டது.

வேறு வழியே இல்லையா என்றால், வால்பாறையைப் பார்க்கலாம். அங்கும் காட்டுக்கு நடுவே தேயிலை, தேயிலைக்கு நடுவே துண்டுதுண்டாய்க் காடு. இயற்கைப் பாதுகாப்பு அறக்கட்டளையின் ஆய்வாளர்கள் மரணங்கள் நேர்ந்த விதத்தை ஆராய்ந்தபோது, பெரும்பாலானவை அருகில் யானை இருப்பது தெரியாமல் சாலையிலும் தோட்டப் பாதையிலும் நேர்ந்தவை என்பது புலப்பட்டது. உள்ளூர்த் தொலைக்காட்சியில் எழுத்தோட்டமாகவும், கைபேசிக் குறுஞ்செய்தியாகவும், யானை இருக்கும் பக்கத்தில் எரியும் சிவப்பு விளக்காகவும், பேருந்தில் அறிவிப்பாகவும் தகவல் சென்றது. விளக்கை எரியவிடும் பொறுப்பைத் தொழிலாளர்களே ஏற்றார்கள். மரணங்கள் குறைந்தன. யானைகள் எங்கும் கடத்தப்படவில்லை. சஃபாரி வண்டியில் பயணிக்குக் கிடைக்கும் அதே தகவல், இங்கே நடந்து செல்பவருக்குக் கிடைத்தது, நிகழ்ந்தது அவ்வளவுதான்.

2023 டிசம்பரில் ஒன்றிய அரசு வனவிலங்கு தாக்குதல் மரணத்துக்கான இழப்பீட்டை 5 லட்சம் ரூபாயிலிருந்து 10 லட்சமாக உயர்த்தியது. வரவேற்கலாம். ஆனால் இறந்த பின் தரும் தொகைக்கு முன்பே கேட்கப்பட்டவை சில நிலுவையில் உள்ளன: வீட்டுக்குள் கழிப்பறை, பாதையில் விளக்கு, விடிகாலையில் வேலைத்தளத்துக்கும் பள்ளிக்கும் ஒரு வண்டி, யானை உடைக்க முடியாத சுவர், பெயருக்கொரு பட்டா, தமிழில் ஓர் அறிக்கை. தெப்பக்காட்டில் சஃபாரிக்கு வண்டி ஓட்டுபவர்களும், விடுதிகளில் பயணியர் அறையைப் பெருக்குபவர்களும் பெரும்பாலும் இம்மக்களின் பிள்ளைகளே. வேலை முடிந்து, கடைசிப் பேருந்தை விட்டிறங்கி, அவர்கள் நடந்துதான் வீடு திரும்புகிறார்கள்.