நொய்யல் வளர்த்த கொடுமணல்

ஈரோடு மாவட்டத்தில், சென்னிமலைக்கு மேற்கே, நொய்யலின் வடகரையில் இருக்கிறது கொடுமணல். சுற்றிலும் வானம் பார்த்த மேட்டாங்காடு, கிளுவை வேலியிட்ட கொறங்காடு, அதில் மேயும் ஆடுமாடு. இந்த மண் உழவனுக்கு வாரிக் கொடுத்த மண் அல்ல. ஊருக்கு வாழ்வு தந்தவை கல்லும் வழியும்தான். காங்கேயம் பக்கத்துப் படியூரில் பச்சைக்கல் கிடைத்தது. மேற்கே பாலக்காட்டுக் கணவாயைத் தாண்டினால் முசிறித் துறை, கிழக்கே சேரர்களின் கரூர். இரண்டையும் இணைத்த பெருவழி இந்தக் கரையோரம்தான் போயிற்று.

பதிற்றுப்பத்தில் கபிலரும் அரிசில்கிழாரும் அணிகலனோடு சேர்த்துப் பாடிய கொடுமணம் இந்த ஊரே என்று அறிஞர்கள் கருதுகிறார்கள். 1985 முதல் தஞ்சாவூர்த் தமிழ்ப் பல்கலைக்கழகம் இங்கே அகழாய்வு செய்தது. பேராசிரியர் கா. ராஜனின் உழைப்பு அதில் பெரிது. கிடைத்தவற்றில் என்னை அதிகம் கவர்ந்தவை முழுமையான மணிகள் அல்ல. அறுத்தும் தீட்டியும், துளையிடும் முன்பே விடப்பட்ட அரைகுறைக் கற்கள். விற்க வந்த ஊரில் அவை கிடக்காது, செய்த ஊரில்தான் கிடக்கும். இரும்பு உருக்கிய உலைகள் இருந்தன. சூதுபவளத்துக்கான கல் குஜராத் பக்கமிருந்து வந்திருக்கிறது. பானை ஓடுகளில் தமிழி எழுத்தில் பெயர்கள்! அரசன் பெயரல்ல, அன்றாடம் புழங்கியவர்களின் பெயர்கள். ஈராயிரம் ஆண்டுகளுக்கு முன்பே எழுத்து இங்கே அரண்மனைச் சொத்தாக இருக்கவில்லை என்பதற்கு வேறென்ன சாட்சி வேண்டும்?

ஆனால் அந்த நொய்யலை நாம் என்ன செய்தோம்? ஊருக்கு அருகே ஒரத்துப்பாளையத்தில் 1992-இல் பாசனத்துக்கென்று கட்டிமுடித்த அணை, திருப்பூர்ச் சாயக்கழிவின் தேக்கமாயிற்று. கிணறுகள் உப்பேறின, வயல்கள் பாழாயின. 2011-இல் சென்னை உயர்நீதிமன்றம் சாயப்பட்டறைகளை மூடச் சொல்லும் அளவுக்குப் போனது. பிறகு சுத்திகரிப்பு வந்தது. கெட்ட நிலம் அவ்வளவு எளிதில் தேறிவிடவில்லை.

ஈரோட்டில் நொய்யல் அருங்காட்சியகம் அமைப்பதாக அரசு அறிவித்திருக்கிறது. நல்ல செய்தி. ஆனால் மணிகளைக் கண்ணாடிக்குள் வைத்துவிட்டு ஆற்றைச் சாயத்துக்கு விட்டுவிடக் கூடாது. கொடுமணலைச் சுற்றியுள்ள ஈமச்சின்னங்களின் கற்கள் பெயர்ந்து போகுமுன் அவற்றுக்கு வேலியும் காவலும் வேண்டும். சென்னிமலைப் பக்கம் போகிறவர்கள் ஒருமுறை கொடுமணலுக்கும் போய்வாருங்கள். பிள்ளைகளையும் அழைத்துப் போங்கள்.