பணிக்கொடைத் தாமதம்: திறைசேரியில் பாதி, கோவையில் பாதி

ஓய்வூதியத் தாமதம் பற்றி எழுதுபவர்கள் எல்லாப் பழியையும் திறைசேரியின் மேல் போடுகிறார்கள். அதில் உண்மை இருக்கிறது. 2021 நவம்பர் வரவு செலவுத் திட்டம் அரச ஊழியரின் ஓய்வு வயதை 65 ஆக உயர்த்தியது. ஒரு வருடம்கூட ஆகவில்லை, 2022 ஓகஸ்ட் இடைக்கால வரவு செலவுத் திட்டம் அதை 60க்கு இறக்கியது. வைத்தியர்கள் போன்ற சிலரைத் தவிர, அறுபதைத் தாண்டியவர்கள் எல்லோரும் 2022 டிசம்பர் 31 அன்று ஒன்றாக வீட்டுக்குப் போனார்கள். கடனைக் கட்ட முடியாது என்று நாடு அறிவித்து எட்டு மாதம்தான் ஆகியிருந்தது. 24 மாத ஓய்வூதியத்துக்கு இணையான பணிக்கொடையை அத்தனை பேருக்கும் உடனே கொடுக்கக் காசில்லை. 2022 செப்டெம்பரில் பணவீக்கம் ஏறத்தாழ 70 வீதம். காத்திருந்தவருக்குத் தொகை மாறவில்லை, அதில் வாங்கக்கூடிய சீமெந்துதான் குறைந்தது.

ஆனால் இந்தத் தாமதம் மாத்தறைக்கும் மூதூருக்கும் பொது. எங்கள் மாவட்டத்தில் இன்னொரு தாமதம் இருக்கிறது. அது சுயவிபரக் கோவைக்குள் இருக்கிறது. (துறைமுக அதிகாரசபையில் வேலை செய்தவர்களுக்கு இது பொருந்தாது, அவர்களுக்கு ஊழியர் சேமலாப நிதி.)

எழுதுவினைஞராக இருந்து ஓய்வுபெற்ற நான் இப்போது தெரிந்தவர்களுக்கு ஓய்வூதியப் படிவம் நிரப்ப உதவுகிறேன். முதல் நியமனம், நிரந்தரமாக்கல், ஒவ்வொரு இடமாற்றம், ஒவ்வொரு சம்பள ஏற்றம், சம்பளமற்ற விடுமுறை எல்லாம் கோவையில் தொடர்ச்சியாக இருக்க வேண்டும். ஒரு வருடம் விடுபட்டாலும் கோவை திரும்பி வரும். கொழும்பிலுள்ள உத்தியோகத்தர் அதைக் கேட்பது பிழையில்லை. ஆனால் 1990இல் இடம்பெயர்ந்தவர், 2006இல் சம்பூரிலிருந்து உடுத்த உடுப்போடு ஓடி வாகரையிலும் மட்டக்களப்பிலும் தற்காலிகமாக இணைக்கப்பட்டவர், இவர்களின் கடதாசி எங்கே கிடக்கும்? கிண்ணியாப் பாலம் 2009இல் திறக்கும்வரை மூதூர்க்காரர் பெரும்பாலும் லோஞ்சில்தான் நகருக்கு வந்தார்கள். இணைப்புக் கடிதத்தின் பிரதி கந்தோருக்குப் போய்ச் சேர்ந்ததா என்று அப்போது யார் பார்த்தார்கள்?

இதற்கு மேல் மாகாணப் பிரிப்பு. வடகிழக்கு மாகாண சபையின் தலைமைக் காரியாலயம் திருகோணமலையில் இருந்தது. உயர் நீதிமன்றத் தீர்ப்பின்படி 2007 ஜனவரி 1 முதல் மாகாணம் இரண்டானது. வட மாகாண அலுவலகங்கள் சில காலம் இங்கேயே இயங்கிவிட்டுப் பிறகு யாழ்ப்பாணம் போயின. வவுனியாவில் ஐந்து வருடமும் இங்கே இருபது வருடமும் வேலை செய்தவரின் சேவைக்காலம் இரண்டு மாகாணங்களில் கிடக்கிறது. பிரித்தது அரசு, பஸ் ஏறிக் கடிதம் தேடுவது அறுபது வயதுக்காரர்.

சேவையை நிரூபிக்கும் பொறுப்பை ஊழியர் மேல் வைப்பது சமாதான காலத்துக்குச் சரி. யுத்த காலத்திலும் சம்பளம் கொடுத்தது அரசு. விதவைகள், அநாதைகள் ஓய்வூதியத்துக்கு மாதாமாதம் கழித்ததும் அரசுதான். அந்தக் கழிப்பையே சேவைக்குச் சான்றாக ஏற்று ஓய்வூதியத்தைத் தொடங்கிவிட்டு, விடுபட்ட கடிதங்களைத் திணைக்களங்கள் தங்களுக்குள் தேடிக்கொள்ளலாம். இதற்குப் பெரிய நிதி தேவையில்லை, ஒரு சுற்றறிக்கை போதும்.

பழைய ஓய்வூதியர்களின் காத்திருப்பு வேறு. 2016 முதல் 2020 வரை கட்டம் கட்டமாக வந்த சம்பள உயர்வுக்கு ஏற்ப ஓய்வூதியத்தைத் திருத்தும் வேலை 2020இல் நிறுத்தப்பட்டது. 2025 வரவு செலவுத் திட்டம் அதை 2025, 2026, 2027 ஜூலை மாதங்களில் மூன்று கட்டமாகத் தருவதாகச் சொன்னது. 2018இல் அறுபதில் ஓய்வுபெற்றவருக்கு முழுத் தொகை வரும்போது வயது 69.

இப்போது 57, 58 வயதில் இருப்பவர்கள் ஓய்வுக் கடிதம் வரும்வரை இருக்க வேண்டாம். இந்த வருடமே உங்கள் கோவையைக் கேட்டுப் பாருங்கள். இடம்பெயர்ந்த வருடங்களின் இணைப்புக் கடிதமும் சம்பள ஏற்றக் கடிதமும் இருக்கிறதா என்று முதலில் பாருங்கள். இல்லையென்றால், அப்போது உங்களுக்கு மேலதிகாரியாகவோ அதிபராகவோ இருந்தவரிடம், அவர் உயிரோடு இருக்கும்போதே, உறுதிப்படுத்தும் கடிதம் வாங்கி வையுங்கள்.